ரித்தி பான் ஒரே கதையைத்தான் எடுக்கிறாரா?

கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கம் தன் நாட்டில் நடத்திய கொடுமைகளையே பெரும்பாலும் படமாக்கும் கம்போடிய இயக்குநர் ரித்தி பானைப் பற்றிப் பேச்சு வந்தாலே, "நல்ல படங்கள்தான், ஆனால் எத்தனை தடவை அதே கதை?" என்று யாராவது கேட்டுவிடுகிறார்கள். எனக்கு இந்தக் கேள்வி நியாயமாகப் படவில்லை. ஆயுசு முழுக்கக் காதல் படம் எடுக்கிறவரை யாரும் இப்படிக் கேட்பதில்லை. அகதியாகப் போனவர் மட்டும் தன் துயரத்தை ஒருமுறை சொல்லி முடித்துவிட்டு நகர்ந்துவிட வேண்டுமா?

1975 ஏப்ரல் 17 அன்று கெமர் ரூஜ் படைகள் தலைநகர் நோம் பென்னைப் பிடித்து, அங்கிருந்த மக்களை வயல்வெளிகளுக்கு விரட்டின. சிறுவன் பானின் குடும்பமும் போனது. அப்பா, அம்மா, உடன்பிறந்தவர்கள் சிலர் என்று ஒவ்வொருவராக இறந்தார்கள். 1979-இல் தாய்லாந்து அகதி முகாம், பிறகு பிரான்ஸ். அங்கே தச்சு வேலை படித்தார், அப்புறம்தான் பாரிஸில் சினிமா.

1989-இல் அவர் எடுத்த முதல் ஆவணப்படம், தாய்லாந்து எல்லை முகாமில் இருந்த ஒரு கம்போடியக் குடும்பத்தைப் பற்றியது. பின்னர் ஒரு கதைப்படத்தில் ஒரு நெல் விவசாயியின் குடும்பம். 2003-இல் வந்த 'எஸ்-21' படத்தில் பேசுகிறவர்களில் பெரும்பாலோர் முன்னாள் சிறைக் காவலர்கள். பள்ளிக்கூடமாக இருந்து எஸ்-21 என்ற கெமர் ரூஜ் வதைக்கூடமாக மாறிய துவோல் ஸ்லெங்கில், ஒரு முன்னாள் காவலர் தான் அன்று செய்ததை அப்படியே செய்து காட்டுகிறார். காலியான அறைக்குள் போய், இல்லாத கைதிகளை அதட்டுகிறார், பூட்டைச் சரிபார்க்கிறார். வாய் மறைத்ததைக் கையும் காலும் சொல்லிவிடுகின்றன. கேமரா அவர் பின்னாலேயே உள்ளே போகாமல் வெளியிலேயே நின்றுவிடுகிறது. அன்று அந்தத் தரையில் கிடந்த கைதிகளை மிதித்துவிடக் கூடாது என்ற மரியாதை அது. இதையெல்லாம் "அதே கதை" என்று எப்படிச் சொல்ல முடியும்?

தன் வீட்டுக் கதைக்கு அவர் வந்தது 2013-இல், 'தி மிஸ்ஸிங் பிக்சர்' படத்தில்தான். அன்றைய படச்சுருள்களில் மிஞ்சியவை பெரும்பாலும் ஆட்சியாளர்களின் பிரசாரம். பட்டினிக்கும் சாவுக்கும் யாரும் கேமரா பிடிக்கவில்லை. அதனால் களிமண் பொம்மைகளைச் செய்ய வைத்தார். அவை அசையாது, கேமராதான் நகரும். எல்லோரையும் கறுப்பு உடுத்த வைத்த ஆட்சி அது. இவரோ அப்பா பொம்மைக்கு வெள்ளை கோட்டும் கறுத்த டையும் போட்டுவிடுகிறார். மனிதன் தின்னத் தகாததைத் தின்ன மாட்டேன் என்று சோற்றை மறுத்தே செத்தவர் அந்த அப்பா. மகன் அவருக்குக் கொடுத்த வெள்ளை உடுப்பைப் பார்த்து நான் தேம்பி அழுதேன். கான் விழாவில் விருது, ஆஸ்கர் பரிந்துரை எல்லாம் அந்தப் படத்துக்குக் கிடைத்தன, சரி. அந்த உடுப்புக்கு முன்னால் அதெல்லாம் எனக்குப் பெரிதில்லை.

பாரிஸிலேயே இருந்து படம் எடுத்துக்கொண்டு காலத்தை ஓட்டியிருக்கலாம். அவரோ நோம் பென்னில் 2006-இல் போபானா மையத்தைத் திறந்தார். எஸ்-21-இல் கொல்லப்பட்ட ஓர் இளம்பெண்ணின் பெயர் அது. கம்போடியா பற்றிய பழைய படங்களையும் ஒலிப்பதிவுகளையும் தேடிச் சேர்த்து, யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பார்க்கலாம் என்று வைத்திருக்கிறார்கள். உள்ளூர் இளைஞர்களுக்குப் படமெடுக்கவும் கற்றுக்கொடுக்கிறார்கள். "போதும், வேறு கதை சொல்லுங்கள்" என்பவர்கள் முதலில் 'எஸ்-21', 'தி மிஸ்ஸிங் பிக்சர்' என்ற இந்த இரண்டு படங்களையாவது முழுசாகப் பார்க்கட்டும்.