12 அங்குல வழியில நீங்களே ஒரு தடவை நடந்து காட்டுங்கய்யா

பசுமைக்குடிலுக்குள்ளே பாத்தி எப்படிப் போடறதுன்னு சொல்ற இன்னொரு வரைபடம் வந்திருக்கு. அதே 8-க்கு 10 அடி பசுமைக்குடில். அதே மாதிரி ரெண்டு பக்கமும் சுவரோரமா 3.5 அடி அகலப் பாத்தி. நடுவுல அதே 1 அடி வழி. பச்சை, பழுப்பு, ஆரஞ்சுன்னு கலர் கொடுத்து, ஒவ்வொரு செடிக்கும் அழகா ஒரு வட்டம். ஒரு பாத்திக்கு 30 தக்காளி வட்டம்! மேல தலைப்பு வேற: இடத்தை வீணாக்காத திட்டமாம். இத்தனை வட்டம் போட்ட கைக்கு, உள்ளே ஒரு மனுஷனும் நிக்கணுமேன்னு அவனுக்கு ஒரு வட்டம் போடத் தோணலை பாருங்க, அங்கதான் வயிறு எரியுது.

12 அங்குலம்னா எவ்வளவுன்னு தெரியணும்னா ஒரு ஸ்கேலைத் தரையில போட்டுட்டு அதுக்குள்ளே நில்லுங்க. வளர்ந்த ஆளோட தோள் அகலமே 16, 18 அங்குலம் வரும். கையில ஒரு வாளி இருந்தா அதுக்குத் தனியா 1 அடி. ஆக, வாளி போகலாம் இல்ல ஆள் போகலாம். ரெண்டு பேரும் சேர்ந்து போகணும்னா ஒருத்தர் பாத்தி மேலதான் நடக்கணும்.

சரி, அந்த 12 அங்குலமாவது நிஜத்துல கிடைக்குமா? 8 அடின்னா 96 அங்குலம். குடில் பெட்டி மேல போட்டிருக்கிறது பெரும்பாலும் வெளி அளவு. அடிச்சட்டம் பக்கத்துக்கு 2 அங்குலம் சாப்பிட்டா மிச்சம் 92. அடுத்தது, பாத்தி சுவரைத் தொடக் கூடாது. மண் நேரா குடில் சுவரோட பாலிகார்பனேட் ஷீட்டுல (வெளிச்சம் புகற பிளாஸ்டிக் பலகை) சாஞ்சா ஷீட் வெளியே பிதுங்கும், உள்பக்கம் பாசி பிடிக்கும். காத்துப் போக வழி இல்லாம ஈரத்துலயே கிடந்து பாத்திப் பலகையும் சீக்கிரமே உளுத்துப்போகும். அதுக்காகப் பக்கத்துக்கு 3 அங்குலம் சந்து விடணும். மிச்சம் 86. அதுல 3.5 அடிப் பாத்தி ரெண்டு வச்சா 84 போச்சு. வழிக்கு எவ்வளவு இருக்கு? 2 அங்குலம். பல்லி தாராளமா போய் வரலாம். ஓணான்னா கொஞ்சம் ஒருக்களிச்சுப் போகணும்.

அந்த 2 அங்குலமும் நிலைக்காது. 1 அங்குல கனப் பலகையை 10 அடி நீளத்துக்கு முட்டுக் கொடுக்காம விட்டா, ஈர மண் தள்ளித் தள்ளி நடுவுல தொந்தி போட்டுரும். 3 அடிக்கு ஒரு முளை அடிக்கணும், இல்லைன்னா எதிரெதிர்ப் பலகையைக் குறுக்குக் கம்பி போட்டு இழுத்துக் கட்டணும். வரைபடத்துல எங்கேயாவது ஒரு முளை இருந்ததா? வண்ணத்துப்பூச்சி இருந்தது.

பரவாயில்லை, 12 அங்குலமும் முழுசா கிடைச்சதுன்னே வச்சுக்குவோம். இப்போ ஒரே ஒரு வேலை. பின்வரிசையில, இடது மூலையில, ஒரு தக்காளி பழுத்திருக்கு. ஒண்ணே ஒண்ணு. அதைப் பறிச்சுட்டு வரணும். அவ்வளவுதான்.

முதல்ல உள்ளே போகணுமே. கதவு 2 அடி, வழி 1 அடி. உள்பக்கம் திறக்கிற கதவா இருந்தா கதை இங்கேயே முடிஞ்சுது. பாத்திப் பலகையில இடிச்சு நிக்கும், திறக்காது. வெளியே திறக்கிற கதவோ தள்ளுகதவோ இருந்தா நீங்க புண்ணியம் பண்ணினவர். உள்ளே கால் வச்சதும் உடம்பைத் திருப்பி நண்டு நடை. வாளியைத் தலைக்கு மேல தூக்கிக்கணும், கீழே வைக்க இடம் ஏது? தரையில 12 அங்குலம் இருந்தாலும் நெஞ்சு உயரத்துல சுத்தமா கிடையாது, ஏன்னா தக்காளி இலை பாத்தி விளிம்போட நிக்கிற சாதி இல்லை. ரெண்டு பக்கத்துல இருந்தும் ஒவ்வொரு அடி வழிக்குள்ளே நீட்டியிருக்கும். அதை உரசிக்கிட்டே போறீங்க. சட்டை பூரா அந்த மஞ்சள்-பச்சைக் கறை. காலை நேரம்னா கூரையில கோர்த்து நிக்கிற நீர்த்துளி ஒவ்வொண்ணா பிடரியில சொட்டும், சொட்டுநீர்ப் பாசனம் உங்களுக்கும் சேர்த்துத்தான்னு சொல்ற மாதிரி.

மூலைக்கு வந்தாச்சு. இப்போ குனியணும். குனிய முடியாது. ஏன்னா மனுஷன் குனிஞ்சா இடுப்பு பின்னால போகும். பின்னால எதிர்ப்பாத்தியோட குடைமிளகாய் நிக்குது. அதை ஒடிச்சாத்தான் குனியலாம். சரி, மண்டி போடலாம்னா வழியோட நீளவாக்குலதான் மண்டி போட முடியும். அப்போ முகம் பின்சுவரைப் பார்க்கும், பாத்தி பக்கவாட்டுல போயிரும். பின்சுவரைக் கும்பிட்டுட்டு எழுந்திரிக்க வேண்டியதுதான்.

நின்ன வாக்குலயே எட்டிப் பார்ப்போம். ஒரு பக்கத்துல இருந்து சாதாரணமா கை போறது 2 அடி. மூச்சைப் பிடிச்சு எக்கினா 2.5 அடி. பழம் இருக்கிறது 3 அடிக்கு அந்தப் பக்கம். அதனால ஒரு முட்டியைப் பாத்தி மேல வைக்கிறீங்க. பொலபொலன்னு இருக்கணும்னு மட்கிய உரமும் நார்க்கழிவும் கலந்து கலந்து சேர்த்த மண், உங்க முட்டிக்கு அடியில அடைபோல இறுகுது. கூடவே 'டப்'னு ஒரு சத்தம். சொட்டுநீர்க் குழாய்ல இருந்து ஒரு டிரிப்பர், அதான் தண்ணி சொட்டுற மூக்கு, கழண்டுருச்சு. அது இப்போ உங்களுக்குத் தெரியாது. ஒரு வாரம் கழிச்சு அந்த இடம் சேறாகி, அதுக்கு அடுத்த நாலு செடி வாடி நிக்கும்போது தெரியும்.

இடது கையை எங்கே ஊன்றது? சுவர்ல. ஷீட் சட்டத்தோட பள்ளத்துல இருந்து 'ப்ளக்'னு வெளியே எகிறுது. ஒரு கையால அதைப் பிடிச்சுக்கிட்டு, மறு கையால எக்கி, விரல் நுனி பழத்துல பட்டு, பழுத்த பழமாச்சே, தொட்டதும் காம்பு விடுது. பழம் நழுவிப் பாலில் விழுந்த கதைதான் நமக்குத் தெரியும். இங்கே பழம் நழுவி அந்த 3 அங்குலச் சந்துல விழுது. பாத்திக்கும் சுவருக்கும் நடுவுல. கைக்கொத்து, கத்தரி, கயிற்றுக் கண்டு எல்லாம் ஏற்கெனவே போய் அடைக்கலம் புகுந்த அதே சந்துல. குச்சியை விட்டு நெம்பினா பழம் நசுங்கும். விட்டுட்டு வந்தா அழுகும், நத்தைக்கு விருந்து. திரும்ப முடியாததால பின்பக்கமாவே நடந்து, காலி வாளியோட வெளியே வரணும். அடுத்த பருவத்துல அந்தச் சந்துல ஒரு தக்காளி தானா முளைக்கும் பாருங்க, குடிலுக்குள்ளே இருக்கிறதுலயே அதுதான் நல்லா காய்க்கும். அதுக்கும் கை எட்டாது.

இவ்வளவு அவஸ்தையும் எதுக்காக? 3.5 அடிப் பாத்தி ரெண்டு போட்டா காகிதத்துல 70 சதுர அடி. 2.5 அடியா குறைச்சா 50. அந்த 20 சதுர அடியை மிச்சம் பிடிக்கத்தான் இத்தனை கூத்து. அடேங்கப்பா. கை எட்டறது 2.5 அடிதானே? அப்போ பாத்திக்குப் பின்னால 1 அடி எட்டாது. ரெண்டு பக்கமும் 10 அடி நீளத்துக்குக் கணக்குப் போடுங்க: சரியா 20 சதுர அடி. மிச்சம் பிடிச்ச அத்தனையும் கை போகாத இடம்! அதை 1 அடி ஆழத்துக்கு நிரப்ப 560 லிட்டர் மண் வேற சுமந்தாகணும். 2 அடிக் கதவுல தள்ளுவண்டி நுழையறதே சந்தேகம், நுழைஞ்சாலும் வழியில ஓடாது. வாளி வாளியா, தலைக்கு மேல.

பாத்தியை 2.5 அடியில நிறுத்துங்க. அதே 86 அங்குலத்துல 60 பாத்திக்குப் போக 26 வழிக்கு மிஞ்சும். வாளியோட நடக்கலாம், குனியலாம், திரும்பக்கூட செய்யலாம், என்ன ஒரு சொகுசு. பின்சுவரோரமா 2 அடியில ஒரு குறுக்குப் பாத்தி சேர்த்து 'ப' வடிவமாக்கினா இழந்ததுல கொஞ்சம் திரும்பக் கிடைக்கும். 'ப'வோட உள்மூலை மட்டும் கை எட்டாம தகராறு பண்ணும், அங்கே அடிக்கடி தொட வேண்டாத எதையாவது வச்சிருங்க. நடுவுல 4 அடிப் பாத்தி, சுத்தி வழின்னு ஒரு கட்சி இருக்கு. ரெண்டு பக்கமும் கை போகும், உண்மைதான். ஆனா கூரை சரியிற ஓரத்துல நடக்க வேண்டியிருக்கும். ஓரம் 5 அடி உயரம்னா போகும்போது ஒரு இடி, வரும்போது ஒரு இடி.

உயரம்னதும் நினைவு வருது, அந்த 30 வட்டம். ஓரச் சுவர் 5 அடி, பாத்தி 1 அடி, மிச்சம் 4. அங்கே கொண்டுபோய் 6 அடிக்கு மேல ஏறுற தக்காளியைப் பின்வரிசையில நட்டா, அது கூரையில முட்டி, ஈர ஷீட்டுல இலை ஒட்டி, சாம்பல் பூஞ்சாணம் வந்து உட்காரும். உயரம் இருக்கிறது நடுமுகட்டுக்குக் கீழ. அங்கேதான் நாம நடந்தாகணும், என்ன பண்றது. அதனால ஏறுற செடி பாத்திக்கு ஒரே வரிசை, வழியோரத்துல இருந்து 1 அடி உள்ளே, செடிக்குச் செடி 18 அங்குலம், கயிற்றை முகட்டைப் பார்த்துச் சாய்வா கட்டணும். 10 அடிக்கு 6 செடி. முப்பது இல்லை, ஆறு! பக்கக் கொழுந்தைக் கிள்ளி ஒத்தைத் தண்டா விட்டு, முதல் குலைக்குக் கீழ இருக்கிற இலையை எடுத்துட்டா, அடியில கை விட்டுப் பின்னால இருக்கிற கீரையை அறுக்கலாம். பின்வரிசைக்குப் பக்கச் சுவர் வழியா வெளிச்சம் வரும்.

எந்த வேலை முதல்லன்னும் யாரும் சொல்றதில்லை. பாத்தி கட்டி, மண் கொட்டி, வழியில கல் பதிச்சு, எல்லாம் முடிஞ்ச பிறகுதான் எதிர்ப்பக்கப் பாத்திக்குத் தண்ணிக் குழாய் எப்படிப் போகும்னு யோசனை வரும். வழிக்கு அடியில ஒரு உறைக்குழாய், அதாவது தண்ணிக் குழாயை உள்ளே விடற பெரிய குழாய், மட்டும் முன்னாடியே புதைச்சிருந்தா போதும். இல்லைன்னா குழாய் வழியில குறுக்கே கிடக்கும், தினம் ஒரு தடுக்கல். 2.5 அடிப் பாத்திக்கு 16 மி.மீ. குழாய் ரெண்டு வரிசை, 30 செ.மீ.க்கு ஒரு டிரிப்பர். சுவரோட அடியில காத்து ஜன்னல் இருந்தா அதை மறைச்சு 1 அடிப் பாத்தியை வைக்காதீங்க. வச்சுட்டுத்தான் 'உள்ளே ஒரே புழுக்கம், ஏன்'னு கேட்கறாங்க.

அப்புறம் பயிர்ச் சுழற்சி ஞானிகள். ஒரே பாத்தியில வருஷா வருஷம் தக்காளி வச்சா வேர்முடிச்சு நூற்புழு பெருகும், சரிதான். அதுக்கு அவங்க சொல்ற வைத்தியம் என்ன? தக்காளிக்கு அடுத்து கத்தரி, கத்தரிக்கு அடுத்து மிளகாய். மூணும் ஒரே குடும்பம்யா! நூற்புழுவுக்குப் பந்தியில இலையை மாத்திப் போட்ட கணக்குத்தான்.

இதெல்லாம் கூடப் பொறுத்துக்கலாம். செடிப் பேர் எழுதிக் குத்துற வெள்ளைப் பிளாஸ்டிக் குச்சிக்கு 'அழியாத மை'ன்னு ஒரு மார்க்கர் விக்கிறாங்களே, அதை என்ன செய்ய? குடிலுக்குள்ளே அடிக்கிற வெயிலுக்கு ஒரே பருவத்துல வெளுத்துப்போய், நேத்து வாங்கின குச்சி மாதிரி பளிச்சுனு நிக்குது. சாதாரணப் பென்சில்ல எழுதினா அப்படியே இருக்கும், அதைச் சொல்லத்தான் ஆள் இல்லை. ஆறு செடி, ஆறு குச்சி, ஆறும் வெள்ளை. எது குட்டித் தக்காளி, எது பெருந்தக்காளின்னு பழுத்தாத்தான் தெரியும். அதுவும் கை எட்டினா.