மேசை மேல் ஏற்றி நிறுத்துவது பாராட்டு ஆகாது

ஞாயிற்றுக்கிழமை மாலை கும்பகோணத்தில் நடந்ததை இங்கே பெரும்பாலோர் அறிவீர்கள். அந்தக் காணொளி உங்கள் வாட்ஸப் குழுக்களுக்கும் வந்து சேர்ந்திருக்கும். அன்றிலிருந்து எனக்கு வரும் செய்திகளில் பாதி, "டீச்சர், இதைப் பெரிதாக்காதீர்கள்" என்றுதான் சொல்கின்றன. பெரிதாக்க வேண்டும் என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

பீட்டர் டிங்க்லேஜ் என்ற உயரம் குறைந்த அமெரிக்க நடிகரின் திரைவாழ்க்கையைப் பற்றிப் பேச என்னை அழைத்திருந்தார்கள். பேசினேன். எல்லோரும் அமைதியாகக் கேட்டார்கள், நல்ல கேள்விகளும் வந்தன. அதன்பின் நன்றியுரை சொல்ல எழுந்த பெரியவர், மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்த, அவரைப் போலவே உயரம் குறைந்த என் சித்தப்பா மகனைப் பார்த்துவிட்டு, "நம்ம ஊர் டிங்க்லேஜ் இங்கேயே இருக்காரே" என்று மேடைக்குக் கூப்பிட்டார். அவனும் மரியாதைக்காக எழுந்து வந்தான். வந்தவனை ஒரு வார்த்தை கேட்காமல் இரண்டு பேர் அக்குளில் கைகொடுத்துத் தூக்கி, பொன்னாடைகள் வைத்திருந்த மேசை மேல் நிறுத்தினார்கள். அரங்கம் சிரித்தது, கைதட்டியது. அவனும் சிரித்தான். அந்தச் சிரிப்பைத்தான் இப்போது எனக்கு எதிரான சாட்சியாகக் காட்டுகிறார்கள்.

அவன் முப்பத்து நான்கு வயது மனிதன். ஒரு பெண் குழந்தைக்குத் தகப்பன். வேறு எந்தத் தகப்பனையாவது அந்த அரங்கத்தில் அப்படித் தூக்கியிருப்பீர்களா? பாராட்ட நினைத்திருந்தால் மைக்கை அவன் உயரத்துக்கு இறக்கிவைத்து, "பேசுங்கள் தம்பி" என்று சொல்லியிருக்கலாமே. மேசை மேல் ஏற்றி நிறுத்துவது பாராட்டு ஆகாது. அவனுடைய உடம்பைக் காட்சிப் பொருளாக்கிவிட்டு அதற்குப் பொன்னாடை போர்த்துவதும் பாராட்டு ஆகாது.

என் மனம் இவ்வளவு நொந்துபோனதற்குக் காரணம், அன்று நான் பேசியதே இதைப் பற்றித்தான் என்பது. டிங்க்லேஜ் 1995ஆம் ஆண்டு தம் முதல் படத்திலேயே, ஒரு கனவுக் காட்சிக்காக அழைத்துவரப்பட்ட உயரம் குறைந்த நடிகராக வருகிறார். கனவென்றால் குள்ளமானவன் ஒருவனை நிறுத்திவிடுகிறீர்களே, குள்ளமான எனக்கே அப்படிக் கனவு வருவதில்லையே என்று இயக்குநரிடம் சீறிவிட்டுப் படப்பிடிப்பை விட்டுப் போய்விடுகிறது அந்தப் பாத்திரம். 2003இல் வந்த 'தி ஸ்டேஷன் ஏஜென்ட்' படத்தில் அவர்தான் நாயகன். யாரும் தன்னைப் பார்க்காமல் இருந்தால் போதும் என்று, பாழடைந்த ஒரு ரயில் நிலையத்தில் தனியாக வாழப் போகிறவனின் கதை அது. அதில் மதுக்கூடத்தில் எல்லோரும் தன்னையே வெறித்துப் பார்ப்பதைப் பொறுக்க முடியாமல், அவனாகவே மேலே ஏறி நின்று, "இதோ இருக்கிறேன், நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள்" என்ற பொருளில் கத்துவான். அந்தக் காட்சியை அன்று உங்களுக்கு விரிவாகச் சொன்னேன். நீங்களும் தலையாட்டிக் கேட்டீர்கள். அடுத்த அரை மணி நேரத்திற்குள் என் தம்பியைத் தூக்கி மேசைமேல் நிறுத்தினீர்கள். அப்படியானால் நான் பேசியதில் எதுதான் உங்கள் காதில் விழுந்தது?

அவருடைய பெயரைச் சொன்னால் உடனே எல்லோரும் 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' என்கிறார்கள். 2011 முதல் 2019 வரை எட்டுப் பருவங்கள் வந்த தொலைக்காட்சித் தொடர், அதில் ஒரே பாத்திரத்துக்கு 2011, 2015, 2018, 2019 ஆகிய ஆண்டுகளில் நான்கு எம்மி விருதுகள். அது ஊரறிந்த செய்தி. அதற்கு முந்தைய காலம்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. கல்லூரியில் நாடகம் படித்துவிட்டு நியூயார்க் வந்தவர், இருபத்தொன்பது வயது வரை ஒரு நிறுவனத்தில் கணினியில் தரவுகளை உள்ளிடும் வேலையில் ஆறு ஆண்டுகள் உட்கார்ந்திருந்தார். கிறிஸ்துமஸ் குட்டிச்சாத்தான் வேடங்கள் வந்தபோது, கையில் காசில்லாத காலத்திலும் வேண்டாம் என்று சொன்னார். பிற்பாடு 2014இல் எக்ஸ்-மென் வரிசைப் படமொன்றில் ஆயுத விஞ்ஞானியாக வில்லன் வேடம் செய்தார். அந்தப் படம் முழுவதும் அவருடைய உயரத்தைப் பற்றி ஒருவரும் ஒரு வார்த்தை பேசுவதில்லை. திரையில் ஒரு விஞ்ஞானி வருகிறார், அவ்வளவுதான். அந்த 'அவ்வளவுதான்' நம் படங்களில் எப்போது வரும் என்பதே என் கேள்வி.

இந்த இடத்தில் ஒருவர், "கமல் அப்புவாக நடித்ததைவிடவா?" என்று கேட்பார் என்று எனக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமையும் கேட்டார்கள். 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்' வந்தபோது வியக்காதவர் உண்டா? காலை மடக்கிக் கட்டிக்கொண்டு, முழங்காலில் காலணி மாட்டிக்கொண்டு அவர் பட்ட பாட்டை நான் மதிக்கிறேன். ஆனால் அதே படத்தின் சர்க்கஸ் காட்சிகளில், காலை மடக்க வேண்டிய தேவையே இல்லாத கலைஞர்கள் அப்புவைச் சுற்றி நின்றார்கள். அவர்களில் ஒருவருடைய பெயரையாவது உங்களால் சொல்ல முடியுமா? உயரமானவர் குள்ளமாக நடித்தால் அது சாதனை. குள்ளமானவர் நடித்தால் அது வேடிக்கை. 2018இல் இந்தியில் ஷாருக் கானைக் கணினி நுட்பத்தால் குறுக்கிக் காட்டிப் படம் எடுத்தார்கள். அத்தனை பணத்தையும் கொட்டி ஒருவரைக் குறுக்குவார்களே தவிர, குறுகலாகவே பிறந்த ஒரு நடிகருக்கு வசனம் எழுதித் தரமாட்டார்கள்.

முடியாத காரியம் என்றும் சொல்லிவிட முடியாது. பக்கத்து மாநிலத்தில் முடிந்திருக்கிறது. 76 சென்டிமீட்டர் உயரமுள்ள அஜயகுமார், நாம் கின்னஸ் பக்ரு என்று அறிந்தவர், 2005இல் மலையாளத்தில் 'அற்புதத் தீவு' படத்தின் நாயகனாக நடித்து அதற்காகக் கின்னஸ் புத்தகத்தில் இடம்பெற்றார். 2013இல் ஒரு படத்தை இயக்கவும் செய்தார். தமிழுக்கு 2006இல் 'டிஷ்யூம்' படத்தில் வந்தார், நன்றாகவே நடித்தார். அதன்பிறகு நாம் அவருக்கு என்ன எழுதினோம்?

என் தம்பியும் நடித்திருக்கிறான். எந்தப் படம் என்று சொல்லப்போவதில்லை. கொள்ளிடக் கரையில் ஒரு கிராமத்தில் படப்பிடிப்பு நடந்தபோது, சைக்கிள் கடைக்காரர் வேடம், இரண்டு இடத்தில் வசனம் என்று சொல்லித்தான் அழைத்துப்போனார்கள். அந்த வசனத்தைச் சத்தமாகச் சொல்லிச் சொல்லி வீட்டில் எல்லோருக்கும் மனப்பாடமாகிவிட்டது. அங்கே போனதும் வசனம் இல்லை என்றார்கள். நாயகனின் நண்பன் அவனைத் தூக்கி வைக்கோல் போர்மேல் எறிய வேண்டும், அதுதான் காட்சி. எறிந்தவர் ஒவ்வொரு முறையும் சிரித்துவிட்டதால் திரும்பத் திரும்ப எறிந்தார்கள். மாலையில் வீட்டுக்கு வந்தவன், வைக்கோல் சுணை கழுத்தெல்லாம் தடித்திருக்க, முழங்கை சிராய்ந்திருக்க, நேரே பம்புசெட்டுக்குப் போய்க் குளித்தான். சித்தி சாப்பாடு போட்டுவிட்டு, "வசனம் நல்லா சொன்னியா?" என்று கேட்டார். "சொன்னேம்மா" என்றான். படம் வந்த பிறகு மயிலாடுதுறைப் பேருந்தில் ஒருவன், "அண்ணே, ஒரு தடவை தூக்கிப் போட்டுப் பார்க்கட்டுமா?" என்று கேட்டானாம். இதையும் அவன் சிரித்துக்கொண்டேதான் என்னிடம் சொன்னான்.

அவனுக்கு இருப்பதும் டிங்க்லேஜுக்கு இருக்கும் அதே அகோன்ட்ரோபிளேசியாதான், எலும்பு வளர்ச்சியைப் பாதிக்கும் பிறவிக் குறைபாடு. இதில் முதுகெலும்புக்குள் தண்டுவடம் செல்லும் பாதை இயல்பாகவே குறுகலாக இருக்கும். கீழே விழுந்தால் என்ன ஆகும் என்று மருத்துவர்கள் அவனைச் சிறுவயதிலேயே எச்சரித்திருக்கிறார்கள். 2011 அக்டோபரில் இங்கிலாந்தில், மதுக்கூடத்துக்கு வெளியே நின்றிருந்த உயரம் குறைந்த மனிதர் ஒருவரை முன்பின் தெரியாத ஒருவன் விளையாட்டாகத் தூக்கி எறிந்தான். அவருடைய முதுகெலும்பு கடுமையாகச் சேதமடைந்தது. 2012 ஜனவரியில் கோல்டன் குளோப் விருது வாங்க மேடையேறிய டிங்க்லேஜ், நன்றி சொல்லி முடித்த பிறகு அந்த மனிதரின் பெயரைச் சொல்லி, அவரைப் பற்றித் தேடிப் படியுங்கள் என்றார். தம் வாழ்நாளின் பெரிய இரவில் அவருக்கு நினைவுக்கு வந்தது அது. ஆகவே "சும்மா தூக்கினோம்" என்று தயவுசெய்து என்னிடம் சொல்லாதீர்கள்.

அடுத்து, வயிற்றுப்பிழைப்பைப் பற்றி ஒரு நண்பர் கேட்டிருக்கிறார். இப்படி எல்லா வேடத்தையும் குறை சொன்னால், கிடைக்கிற வேலையும் போய்விடாதா என்கிறார். இது நியாயமான கேள்வி. 2022இல், ஏழு குள்ளர்கள் வரும் 'ஸ்னோ ஒயிட்' கதையை மறுபடி எடுப்பதைப் பற்றி டிங்க்லேஜ் கடுமையாகப் பேசியபோது, உயரம் குறைந்த வேறு நடிகர்கள் சிலர், நீர் மேலே போய்விட்டீர், எங்கள் வேலையைக் கெடுக்கிறீர் என்று அவரையே கடிந்துகொண்டார்கள். அந்த ஏழு பாத்திரங்களையும் கடைசியில் கணினியிலேயே உருவாக்கினார்கள். அந்த நடிகர்களின் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் அந்தக் கோபப்படும் உரிமை அவர்களுக்குத்தான் உண்டு. நன்றியுரைப் பெரியவருக்குக் கிடையாது. என் தம்பியின் பிழைப்புக்காகக் கவலைப்படுகிறவர்கள் யாரும் அவனுக்கு இதுவரை ஒரு வசனம்கூட எழுதித் தந்தவர்கள் இல்லை.

"நம் மண் அப்படிப்பட்டதல்ல, காவிரியைக் கொண்டுவந்தவரே குறுமுனிதானே, அகத்தியரைக் கும்பிடுகிறவர்கள் குள்ளமானவரை இழிவுபடுத்துவார்களா?" என்று இன்னொருவர் உருக்கமாக எழுதியிருக்கிறார். ஐயா, அகத்தியர் சந்நிதி இருக்கிற அதே தெருவில்தான் அவனைப் பள்ளிக்கூட நாளிலிருந்து வம்புக்கு இழுத்தார்கள். "கள்ளனை நம்பினாலும் குள்ளனை நம்பாதே" என்பதும் இந்த மண்ணில் புழங்குகிற பேச்சுதான். அவனுக்குப் பெண் பார்த்தபோது ஒரு வீட்டில் அதை அவன் காதுபடச் சொன்னார்கள். சிலையாக இருக்கும்வரை கும்பிடுகிறோம். உயிரோடு எதிரே வந்து நின்றால் தூக்கிப் பார்க்கிறோம்.

சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்டவர்களுக்காக ஒரு வார்த்தை. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 4 அடி 10 அங்குலமும் அதற்குக் குறைவாகவும் உள்ள வளர்ந்தவர்களுக்குப் பாதுகாப்பு அளிக்கிறது. 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம், திரையில் மாற்றுத்திறனாளிகளைக் காட்டும் விதம் குறித்து வழிகாட்டுதல்களை வகுத்தபோது, அவர்களை இழிவுபடுத்துகிற நகைச்சுவையையும் அவர்களுடைய நிலையைப் புரியவைக்கிற நகைச்சுவையையும் பிரித்தே பேசியது. எனக்குச் சட்டத்தைவிட மரியாதைதான் பெரிது. இருந்தாலும் கேட்டதால் சொல்கிறேன்.

"அவரே சிரித்துவிட்டார், உங்களுக்கென்ன?" என்பவர்களுக்கும் பதில் உண்டு. அன்றிரவு பேருந்து நிலையத்தில் நான் கொதித்துக்கொண்டிருந்தபோது, "விடுங்கக்கா, அங்க நான் முகத்தைச் சுளிச்சிருந்தா உங்க கூட்டம் கெட்டுப்போயிருக்கும்" என்றான். என் கூட்டம் கெடக்கூடாது என்பதற்காகச் சிரித்திருக்கிறான். சிறுவயதிலிருந்து அவன் சிரித்த சிரிப்பில் எத்தனை இப்படிப்பட்டவை என்று எண்ணிப்பார்க்கவே எனக்குத் துணிவில்லை. அவனும் ஓர் அலுவலகத்தில் தரவு உள்ளிடும் வேலையில்தான் இருக்கிறான். டிங்க்லேஜ் அந்த நாற்காலியை விட்டு எழுந்தபோது இருந்த வயதை இவன் தாண்டிவிட்டான். பணி முடிந்து வந்து இன்றும் வசனம் பேசிப் பார்க்கிறான். வக்கீலாகப் பேசுவான், கடன்காரனாகப் பேசுவான், மகளுக்குச் சோறு ஊட்டும்போது கூத்தில் வருகிற ராஜாவாகப் பேசுவான். அந்தக் குரலைக் கேட்டுவிட்டு ஆளைப் பார்க்காமல் போனவர்கள், உயரத்தைப் பற்றி நினைத்திருக்கவே மாட்டார்கள்.

டெல்டாவில் இப்போது குறும்படம் எடுக்கும் பிள்ளைகள் நிறையப் பேர் இருக்கிறீர்கள். என் மாணவர்களும் சிலர் இருக்கிறீர்கள். உங்கள் கதையில் ஒரு கிராம நிர்வாக அலுவலர் வருகிறார், ஒரு தவில் வித்வான் வருகிறார், மகளைக் கல்லூரியில் சேர்க்கப் பணம் புரட்டுகிற தகப்பன் வருகிறார். அதில் எந்த வேடத்துக்கு ஐந்தரை அடி உயரம் கட்டாயம்?

காணொளியைப் பார்த்துவிட்டு அவனுடைய எண்ணைக் கேட்டு உள்பெட்டிக்கு வந்த இருவருக்கும் இங்கேயே பதில் சொல்லிவிடுகிறேன். கல்யாண வரவேற்பில் சாப்ளின் வேடம் போட்டு வாசலில் நிற்க அவன் வரமாட்டான். வசனம் உள்ள வேடம் என்றால் கதையை எழுதி அனுப்புங்கள், அவனிடம் கொடுக்கிறேன். படித்துப் பார்த்து அவன் முடிவு செய்வான்.