மனைவியைப் பற்றிய படம் இல்லை, சார்

நம் திரைப்படச் சங்கத்தின் ஞாயிற்றுக்கிழமை திரையிடலைப் பற்றி எதுவும் எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். நேற்று வாட்ஸப் குழுவில் "இதையெல்லாமா பெரிசு பண்ணுவீங்க மேடம்" என்று கைகூப்பும் பொம்மையோடு ஒரு செய்தி வந்து விழுந்தது. சரி, பெரிசு பண்ணிவிடுகிறேன்.

இயக்குநர் மேடலின் ஹன்ட்-எர்லிக்கின் முதல் முழுநீளப் படம், 'தி பாலட் ஆஃப் சூசான் செசெர்'. 2024இல் ரோட்டர்டாம் விழாவில் முதன்முதலாகத் திரையிட்டார்கள். படத்தின் பெயரிலேயே சூசான் செசெர் இருக்கிறார். நம் அறிமுக உரையில்? "மார்த்தினிக்கின் மகாகவி எமே செசெரின் மனைவியைப் பற்றிய படம்." அப்புறம் பத்து நிமிடம் எமே புராணம். சூசானுக்குக் கிடைத்தது ஒரே வரி: ஆறு பிள்ளைகளின் தாய்.

மனைவி இல்லை சார், எழுத்தாளர். 1941இல், கரீபியக் கடலின் அந்தப் பிரெஞ்சுத் தீவு, நாஜிகளோடு கைகோத்த விஷி அரசின் பிடியில் இருந்தபோது, எமேயோடும் எழுத்தாளர் ரெனே மெனிலோடும் சேர்ந்து 'த்ரோபீக்' இதழை நடத்தியவர். 1943இல் அதற்குத் தடையே விழுந்தது. அதில் அவர் எழுதியவை ஏழு கட்டுரைகள். பூவையும் கடலையும் வர்ணித்தே காலத்தை ஓட்டிய கவிதைகளை அவற்றில் ஒன்றில் கிழித்துத் தொங்கவிட்டிருப்பார்.

எமே பெரிய ஆள்தானே, அடையாளத்துக்குச் சொன்னால் என்ன தப்பு என்பீர்கள். சொல்லுங்கள், ஒரு தடவை சொல்லுங்கள். பத்து நிமிடமா?

படம் மெதுவாகப் போகிறதாம். ஆமாம், நானே இரண்டு முறை மணி பார்த்தேன். கதை எங்கே என்கிறார் ஒருவர். பாதிக்கு மேல் காணாமல் போன வாழ்க்கைக்குக் கதையை எங்கே போய் எடுப்பது? அதனால்தான் கைக்குழந்தைக்காரியான ஒரு நடிகை, சூசானின் பக்கங்களைப் படித்தபடி, அவராக நடிக்கத் தயாராவதையே இயக்குநர் படமாக்கியிருக்கிறார்.

"நமக்கும் அந்தத் தீவுக்கும் என்ன சம்பந்தம்?" 1848இல் அடிமைமுறை ஒழிந்ததும் கரும்பு வெட்ட ஆளில்லாமல், 1853 முதல் அங்கே கப்பலேற்றிக் கொண்டுபோனதில் நம் புதுச்சேரி, காரைக்கால் பக்கத்து ஆட்களும் உண்டு. அங்கே இன்றும் குழம்புக்குக் கொலம்போ என்று பெயர். கூகுள் பண்ணுங்கள்.

என்னைக் கொதிக்க வைத்தது பின்வரிசைக் குரல்தான். "1945க்கு அப்புறம் அந்தம்மாவே எழுதலையே, யார் தடுத்தா?" ஆறு பிள்ளைகள், பள்ளிக்கூட வேலை, பாரிஸ் நாடாளுமன்றத்தில் கணவர். 1952இல் ஒரு நாடகமும் எழுதினார். அதன் பிரதி கிடைக்கவில்லை. 1966இல், 50 வயதில், போய்விட்டார்.

என் பெரியம்மாவின் கதைகள் எழுபதுகளில் வார இதழ்களில் வந்தன. கல்யாணத்துக்குப் பிறகு ஒன்றும் வரவில்லை. அவர் இறந்தபோது சுவரொட்டியில் 'ஓய்வுபெற்ற தலைமையாசிரியரின் துணைவியார்' என்று போட்டார்கள். பெரியப்பாவோடு நான் சண்டைக்குப் போனேன்.

அந்தச் சண்டையில் சொல்லாத ஒன்று இருக்கிறது. அதற்கு மூன்று வருடம் முன்பு வீடு காலி செய்யும்போது, பரணில் பழுப்பு அட்டை போட்ட நோட்டுகள் கிடந்தன. மேலே இருந்ததைத் திறந்தேன், பால் கணக்கு. மற்றதைத் திறக்கவில்லை. பழைய பேப்பர்காரர் தராசில் வைத்தபோது பக்கத்தில் நின்றது நான்தான். இரண்டு கிலோ முந்நூறு.