கோணல் சுவருக்கு மருத்துவச் சான்றிதழ் எதற்கு?

மனம் பிறழ்ந்தவரின் பார்வையைக் காட்டப் பல இயக்குநர்களுக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். கேமராவைச் சாய்ப்பார்கள், ஓரங்களை மங்கலாக்குவார்கள், பின்னணியில் ஒரு ரீங்காரம். படம் முடியும் நேரத்தில் ஒரு மருத்துவர் வந்து நோயின் பெயரைச் சொல்லிவிட்டுப் போவார். அதுவரை நாம் பார்த்ததெல்லாம் கணக்கில் சேராது. எனக்கு எரிச்சலே இந்தக் கடைசி நிமிட விளக்கத்தின்மீதுதான்.

இந்தப் பழக்கத்துக்கு நூறு வயது தாண்டிவிட்டது. ராபர்ட் வீனேயின் ஜெர்மன் மௌனப்படம் ‘டாக்டர் கலிகாரியின் அறை’ (1920). சாய்ந்த வீடுகள், கூர்கூரான ஜன்னல்கள், செட்டின்மேல் பெயின்ட்டால் தீட்டிய நிழல்கள்! முடிவில், கதை சொன்னவனே மனநல விடுதியில் இருப்பவன் என்று தெரியவருகிறது. அப்பாடா, கோணலெல்லாம் அவன் கண்ணில்தான் என்று நாம் மூச்சுவிடப் பார்க்கிறோம். ஆனால் அந்த விடுதி முற்றம் அவன் கதையில் வந்த அதே செட். தரையில் அதே கதிர்க்கோடுகள். கதையைவிட்டு வெளியே வந்த பிறகும் எதுவும் நேராகவில்லை. திட்டமோ சிக்கனமோ, படத்தைக் காப்பாற்றியது அதுதான்.

ஃப்ளோரியன் ஸெல்லரின் ‘தி ஃபாதர்’ (2020) எதையும் கோணலாக்குவதே இல்லை. நினைவு தப்பும் முதியவராக ஆந்தனி ஹாப்கின்ஸ். பிம்பம் துல்லியம். ஆனால் வீட்டுக்குள் சுவரின் நிறம் மாறியிருக்கும், சாமான்கள் மாறியிருக்கும், மகள் என்று சொல்லிக்கொண்டு வேறொரு நடிகை வந்து நிற்பார். சற்றுமுன் இங்கே வேறு ஏதோ இருந்ததே என்று நாமே தடுமாறுவோம். அவருக்கு என்ன நோய் என்பது நமக்குத் தொடக்கத்திலேயே பிடிபட்டுவிடுகிறது. அதனால் ஒரு பிரயோசனமும் இல்லை.

அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் டோனி கான்ராட் கதையையே தூக்கி எறிந்துவிட்டார். ‘தி ஃப்ளிக்கர்’ (1966) படத்தில், தொடக்க எழுத்துகளைத் தாண்டினால், மாறி மாறி மின்னும் வெறும் கறுப்பு, வெள்ளை ஃபிரேம்கள்தான், அரை மணி நேரத்துக்கு. பார்க்கிறவர்களில் பலருக்கு ஃபிலிமில் இல்லாத நிறங்களும் வடிவங்களும் தெரிகின்றன. இங்கே எந்தக் கதாபாத்திரத்தின்மேல் பழியைப் போடுவது?

“எனக்கு யதார்த்தப் படம்தான் சரிப்படும்” என்பவர்களோடு சண்டையில்லை. ஆனால் ஃபிலிம் புரொஜெக்டரில் ஷட்டர் மூடித் திறப்பதால், எந்தப் படத்துக்கும் திரை ஏறக்குறையப் பாதி நேரம் இருட்டாகவே இருக்கும். நொடிக்கு 24 அசையாப் படங்களை ஒரே ஓட்டமாகக் காண்பது நம் மூளையின் வேலை. யதார்த்தப் படத்துக்கும் அதே ஏற்பாடுதான்.

பார்க்க நினைப்பவர்கள் ‘தி ஃபாதரி’ல் தொடங்கலாம். வலிப்பு உள்ளவர்கள் கான்ராட் பக்கம் போகவே வேண்டாம். அந்த எச்சரிக்கை படத்தின் தொடக்கத்திலேயே வருகிறது.