கோப்பு பெரிதாக இருந்தால் போதுமா?
லாஸ்லெஸ், அதாவது ஒலியில் எதையும் வெட்டாமல் சேமிக்கும் பாட்டுக் கோப்புகள் பற்றி ஒரு கட்டுரை படித்தேன். 'லாஸ்லெஸ்ஸில் கேட்டால் பழைய பாட்டும் புதுசாகிவிடும்' என்கிறது அது. பாதி சரி. தளபதி (1991) படத்தின் 'ராக்கம்மா கையத் தட்டு' பாட்டை நல்ல சிடியிலிருந்து எடுத்த ஃபிளாக்கில் (ஒரு லாஸ்லெஸ் கோப்பு வகை) கேளுங்கள். நடுவில் 'குனித்த புருவமும்' தேவாரம் வரும் இடத்தில் குரல்கள் ஒன்றோடொன்று அப்பிக்கொள்ளாமல் நிற்கும்.

ஆனால் இணையத்தில் சுற்றும் ஃபிளாக் எல்லாம் அசல் இல்லை. ஒலியில் ஒரு பகுதியை வெட்டிச் சுருக்கும் எம்பி3யை ஊதிப் பெருக்கியவையும் உண்டு. ஒருமுறை வெட்டி எறிந்த ஒலி திரும்ப வராது. ஒலியின் அதிர்வெண்களைக் காட்டும் ஸ்பெக்ட்ரம் படத்தில் 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கத்தியால் நறுக்கியதுபோல் காலியாக இருந்தால் சந்தேகப்படுங்கள். (பழைய டேப் பதிவில் அந்தப் பகுதி மெல்லத் தேயும், அது வேறு.) அப்புறம், சாதாரண ப்ளூடூத் ஹெட்செட் எதைக் கொடுத்தாலும் மறுபடி சுருக்கித்தான் அனுப்பும். கட்டுரையில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே!