நிறம் மாறும் விண்மீனுக்கு ஒரு காலக்கணக்கு வேண்டும்

நீங்கள் படைத்த கற்பனை உலகத்தைப் பற்றிய கட்டுரையில், நீல விண்மீன் ஒரே இரவில் சிவந்தால் போர் வரும் என்று அங்குள்ள மக்கள் நம்புவதாக எழுதியிருக்கிறீர்கள். அருமையான எண்ணம். ஆனால் அந்த மாற்றம் ஒரே இரவில் நடக்க வேண்டாம் என்று தோன்றுகிறது. மெதுவாக மாறினால்தான் பயம் கூடும்.

நிஜ வானத்திலேயே மீரா இருக்கிறது. 1596-இல் வானியலாளர் டேவிட் ஃபாப்ரிசியஸ் கவனித்த செந்நிற விண்மீன் அது. சுமார் 332 நாளுக்கு ஒருமுறை விரிந்து சுருங்குகிறது. வெப்பம் குறையும்போது மங்கி, இன்னும் சிவந்து, மாதக்கணக்கில் வெறும் கண்ணுக்கே தெரியாமல் போய்விடும். அப்புறம் திரும்பி வரும். உங்கள் உலகத்துக்கும் இப்படி ஒரு சுற்று இருந்தால் பூசாரிகள் அதைக் கணக்கிட்டு வைத்திருப்பார்கள், விதைப்புக்கு நாள் குறிப்பார்கள், வரி வசூலிப்பார்கள். ஒருமுறை கணக்குத் தப்பட்டும், அங்கே கதை தொடங்கும்!

இன்னொன்று. சிரியஸ் என்ற பிரகாசமான விண்மீன் அடிவானத்தருகே சிவப்பு, பச்சை, நீலம் என மினுக்குவதற்குக் காரணம் நம் காற்றுமண்டலம். அதனால் உங்கள் உலகத்தில் மலைநாட்டார் பார்க்கும் நிறமும் கடலோரத்தார் பார்க்கும் நிறமும் வேறாகலாம். போர் மூள அதுவே போதுமே. அடுத்த பகுதியில் கடலோரத்தாரைக் கொஞ்சம் விரிவாக எழுதுங்கள்.