சும்மா இருக்க ஓர் இடம்

போன ஞாயிறு பின்னேரம் அப்பாவைத் திருகோணமலைக் கடற்கரையில் இருக்கிற காந்தி சிலையடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அவருக்கு முழங்கால் வருத்தம். ஐந்து நிமிடம் நடந்தால் பத்து நிமிடம் இருக்க வேண்டும். இருக்கக்கூடிய கட்டெல்லாம் சனம். மிச்ச இடத்தில் வண்டிக்கடைக்காரரின் பிளாஸ்டிக் கதிரைகள். ஒன்றில் அப்பா இருக்க முதலே, "என்ன எடுக்கிறீங்கள் ஐயா?" என்று பொடியன் வந்துவிட்டான். அவனில் பிழையில்லை, அவன் பிழைப்பு அது. இரண்டு பிளேன்டீ சொன்ன பிறகுதான் அப்பா காலை நீட்டினார்.

திருமலை மாறக்கூடாது என்று அழுகிற ஆளில்லை நான். சண்டைக் காலத்தில் பொழுதுபட்டால் வெறிச்சோடிக் கிடந்த டச்சுக் குடாவில், இப்போது இரவு ஒன்பது மணிக்கும் பிள்ளைகள் மணலில் ஓடுகிறார்கள். தமிழ், சிங்களம், முஸ்லிம் என்று எல்லாக் குடும்பமும் பக்கத்துப் பக்கத்தில் கச்சான் கொறிக்கிறது. கோணேசர் கோவிலுக்கு பஸ் பிடித்து வருகிறவர்களும் இங்கேதான் இறங்கிக் கால் நனைக்கிறார்கள். நல்லதுதானே. ஆனால் அவர்கள் போன பிறகு ஊருக்குள் திரிகிற நம்முடைய மான்கள் சொப்பிங் பைக்குள் மூக்கை விட்டு மிச்சச் சோறு தேடுகின்றன. மானோடு செல்பி எடுப்பவர்கள் அந்தப் பையையும் ஒருக்கால் பார்த்தால் புண்ணியம்.

சரி, கதிரைக்கு வருகிறேன். 2006 ஜனவரி 2ஆம் திகதி இதே இடத்தில்தான் ஐந்து மாணவர்களைச் சுட்டுக் கொன்றார்கள். அந்தப் பிள்ளைகள் செய்தது, பின்னேரம் கடற்கரையில் இருந்து கதைத்தது மட்டும்தான். அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டிருந்த 13 பேரையும் 2019இல் போதிய சாட்சியமில்லை என்று விடுவித்தார்கள். அந்த நாளுக்குப் பிறகு கனகாலம் அப்பா என்னை இந்தப் பக்கம் விடவேயில்லை. ஆகவே கடற்கரையில் சும்மா இருப்பது எங்களுக்குச் சின்ன விசயமில்லை. பயமில்லாமல் இருக்கலாம் என்று வந்தால், இப்போது காசில்லாமல் இருக்க முடியாது என்றால் எப்படி? அழகுபடுத்தல் என்று கல்லுப் பதிக்கிறவர்கள் ஆக்கள் இருக்க நாலு வாங்கும் இரண்டு வேப்ப மரமும் வைத்தால் குறைந்தா போய்விடுவார்கள்?

வெளிக்கிடும்போது அப்பா கேட்டார், "பிளேன்டீக்கு எவ்வளவு எடுத்தவன்?"

சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "வாற ஞாயிறு வீட்டிலயே குடிச்சிட்டு வருவம். அந்தப் பழைய பாயையும் எடுத்து வை" என்றார்.